இரட்டை விசில்

"இருக்கிற வீடியோ அத்தனையும் பார்த்தாச்சும்மா. செத்தவன் மேல ஒருத்தனுக்கும் அக்கறை இல்ல. எந்தப் பாட்டு போடலாம்கிறதுலதான் அக்கறை."

சில்லறை கைப்பேசியை மேசைமேல் கவிழ்த்து வைத்தான். பஸ் நிலையத்தின் மாடியில் இருந்த அந்த அறிவிப்பு அறையில் மூன்று பேர் உட்கார்ந்தால் நாலாவது ஆள் மூச்சை வெளியில் போய்த்தான் விட வேண்டும். கண்ணாடிச் சுவர் வழியே பிளாட்பாரங்கள் எல்லாம் தெரிந்தன.

"அக்கறை இருக்கிறவன் வீடியோ எடுத்திருக்க மாட்டான்" என்றார் ஸ்டெனோ அம்மா.

நீதிமன்றத்தில் சுருக்கெழுத்து எழுதியே தலை நரைத்தவர் அவர். ஓய்வு பெற்ற பிறகு துப்பறிய வந்தார். ஊரார் பேச்சை எழுதி எழுதி, யார் எதைச் சொன்னார் என்பதைவிட, எதற்குப் பிறகு சொன்னார் என்பதில்தான் அவருக்கு வெறி. சில்லறை அவருடைய உதவியாளன். கைப்பேசி பழுது பார்க்கும் கடை வைத்து நொடித்தவன். வாயைத் திறந்தால் சில்லறை சில்லறையாக ஏதாவது கொட்டுவான் என்பதால் அந்தப் பெயரை அவர்தான் வைத்தார். அவனுக்கும் அதில் வருத்தம் இல்லை.

மூன்றாவது ஆள், அறிவிப்பாளர் பெண். கண்ணைத் துடைத்துக்கொண்டு மைக்கின் பொத்தானை அழுத்தினாள். "பயணிகளின் கனிவான கவனத்திற்கு" என்று ஆரம்பித்த குரலில் ஈரத்தின் சுவடே இல்லை. பொத்தானை விட்டதும் மறுபடி அழுதாள்.

"என் தம்பி கொலைகாரன் இல்லம்மா. நாளைக்கு ஜாமீன் மனு வருது. கொலைக் கேஸ்ல கிடைக்காதுன்னு வக்கீல் இப்பவே கையை விரிச்சுட்டாரு. இன்னும் உள்ளயே இருந்தா அவன் அவனா திரும்பி வரமாட்டான்."

அவள் அழுவதில் நியாயம் இருந்தது. கலைக் கல்லூரிப் பையன்களுக்கும் பாலிடெக்னிக் பையன்களுக்கும் பல வருடத்துப் பகை. சொத்துத் தகராறா, காதல் தகராறா என்று கேட்டால் சிரிப்பு வரும். பஸ்ஸின் பின்படிக்கட்டு யாருக்குச் சொந்தம் என்பதுதான் வழக்கு. தகப்பன்மார் வாங்கிக் கொடுத்த காலணியோடு அந்தப் படியில் ஒற்றைக் காலில் தொங்குவதற்கு, தகப்பன்மார் பெற்றுக் கொடுத்த மண்டைகளை உடைத்துக்கொண்டார்கள். போன வாரம் அது உயிரில் வந்து முடிந்தது. 'ஒட்டகம்' என்று கூப்பிடப்பட்ட நெட்டைப் பையன், கலைக் கல்லூரிக்காரன், படியிலிருந்து விழுந்து பின்சக்கரத்தில் போய்விட்டான். பாலிடெக்னிக் கூட்டம் கட்டைகளோடு துரத்தி வந்தது உண்மை. கூட்டத்துக்கு முன்னால் ஓடி வந்தவன் அறிவிப்பாளரின் தம்பி என்பதும் உண்மை.

"போலீஸ் கையில ரெண்டு விஷயம் இருக்கு" என்று ஸ்டெனோ அம்மா மூக்குக் கண்ணாடியைத் துடைத்தார். "ஒண்ணு, உன் தம்பி கை ஒட்டகத்தோட சட்டையில இருக்கிற படம். இழுத்துக் கீழ தள்ளினான்னு சொல்றாங்க. ரெண்டாவது, அவன் கத்தினது. 'புடிடா, புடிடா'ன்னு கத்திக்கிட்டே வந்தான்னு எல்லா சாட்சியும் ஒரே குரல்ல சொல்றான்."

"கத்தினேன்னு அவனே ஒத்துக்கறான். 'விழுறான், அதான் கத்தினேன்'ங்கறான். யார் நம்புறா?"

"டிரைவரும் கண்டக்டரும் என்ன சொல்றாங்க?" என்று சில்லறை கேட்டான்.

அதுதான் வேடிக்கை. இரட்டை விசில் வந்தது, வண்டியை எடுத்தேன் என்றார் டிரைவர். ஒரு விசில் நிறுத்து, இரண்டு விசில் போகலாம். உலகம் தெரிந்த கணக்கு. நான் ஊதவே இல்லை என்றார் கண்டக்டர். அவர் அப்போது டைம் கீப்பர் அறையில் நின்றுகொண்டிருந்தார், டைம் கீப்பரே அதற்குச் சாட்சி. யாரோ ஒருவர் பொய் சொல்கிறார் என்று நிர்வாகம் இருவரையும் வேலையிலிருந்து நிறுத்திவைத்தது. விசிலைப் பற்றி விசாரித்தீர்களா என்று ஸ்டெனோ அம்மா சப்-இன்ஸ்பெக்டரிடம் கேட்டபோது, அது இலாகா விவகாரம் என்று சொல்லிவிட்டார். அவருக்கு வேறு வேலை இருந்தது. பஸ் நிலையத்து வாசலில் நின்று, வருகிற போகிற மாணவர்களின் முடியை வெட்டிவிட்டுக்கொண்டிருந்தார். பொதுமக்கள் பாதுகாப்பு இப்போது கத்தரிக்கோல் முனையில் இருக்கிறது.

"விசில் முதல்லயா, 'புடிடா' முதல்லயா? அது தெரிஞ்சா போதும்" என்றார் ஸ்டெனோ அம்மா. "கத்தினதுக்கு அப்புறம் வண்டி கிளம்பியிருந்தா, அடிக்கத்தான் கத்தியிருக்கான். வண்டி கிளம்பினப்புறம் கத்தியிருந்தா கதையே வேற."

"சத்தம் இருக்கிற வீடியோ ஒண்ணுகூட இல்லம்மா. எல்லாத்துலயும் சத்தத்தை எடுத்துட்டுப் பாட்டை ஒட்டியிருக்கானுங்க. பகை தீர்க்கிற பாட்டு, அம்மா பாசப் பாட்டு, நட்புப் பாட்டு. இதோ இதுதான் அதிகமா ஓடுது."

அவன் காட்டிய படத்தை அந்த நகரத்தில் பார்க்காதவர்கள் இல்லை. படிக்கட்டில் ஒட்டகத்துக்கு மேல்படியில் நின்ற அவனுடைய உயிர் நண்பன், ஒரு கையால் கம்பியைப் பிடித்தபடி மறு கையால் வாயைப் பொத்திக்கொண்டு அதிர்ந்து நிற்கிறான். கண்கள் பிதுங்கி நிற்கின்றன. 'நட்பின் கண்ணீர்' என்று அதற்கு யாரோ தலைப்பு வேறு போட்டிருந்தார்கள்.

"பாவம், கண்டக்டரோட பையன்தான் இவன்" என்றாள் அறிவிப்பாளர். "அப்பாவுக்கும் வேலை போச்சு, சிநேகிதனும் போயிட்டான்."

ஸ்டெனோ அம்மா அந்தப் படத்தைப் பார்க்கவில்லை. இன்னொரு வீடியோவை நிறுத்தி, மூக்கு இடிக்கும் தூரத்தில் வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தார். "சில்லறை, இந்தக் கும்பலைப் பாரு. எல்லாரும் போனை எங்க பிடிச்சிருக்கான்?"

"தலைக்கு மேல. கையைத் தூக்கச் சொன்னா போலீசுக்குக்கூட இவ்வளவு ஒழுங்கா தூக்க மாட்டானுங்க."

"தூண் ஓரமா நிக்கிற ஆளு?"

சில்லறை குனிந்தான். டை கட்டிய ஓர் ஆள், பெரிய பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, கைப்பேசியைப் படுக்கையாக வாய்க்கு நேரே பிடித்திருந்தார். "போனைத் திங்கறாரா?"

"பேசறாரு. பேசிப் பதிவு பண்ணி அனுப்பறாரு. படம் எடுக்காத ஒரே புண்ணியவான் அவர்தான்டா. சத்தம் அவர்கிட்ட இருக்கு."

*

புண்ணியவானைப் பிடிப்பது சிரமமாக இல்லை. தண்ணீர் சுத்திகரிக்கும் இயந்திரம் விற்பவர், தினமும் அதே தூணில்தான் சாய்வார். கேள்வியைக் கேட்டதும் முகம் சிவந்துவிட்டது.

"அது குடும்ப விஷயங்க."

"கொலை விஷயமும் அதுல இருக்கு" என்றார் ஸ்டெனோ அம்மா.

"மனைவி அம்மா வீட்டுக்குப் போயிருக்கா. மன்னிப்புக் கேட்டு அனுப்பினேன்." இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தார். "சிரிக்கக் கூடாது."

"நான் கல்யாணமே ஆகாதவன் சார். பாடமா எடுத்துக்கறேன்" என்றான் சில்லறை.

இயர்போனின் ஒரு முனை ஸ்டெனோ அம்மாவுக்கு, மறுமுனை சில்லறைக்கு. விற்பனையாளரின் குரல் குழைந்தது. 'நான் உங்க அம்மாவைப் பத்திச் சொன்னது தப்புதான்... ரெண்டு நாளா சாப்பிடவே இல்ல...' பின்னால் நிலையத்தின் இரைச்சல். தூரத்தில் கட்டைகள் தரையில் உரசும் ஓசையும் கூட்டத்தின் ஊளையும். 'உன் தம்பிக்குச் செய்யறதை நான் எப்பவாவது...' அப்போது விசில். குட்டையாக ஒன்று. உடனே இன்னொன்று, முடிகிற இடத்தில் மேலே ஏறும் ஒரு வாலோடு. எஞ்சின் உறுமியது. அதற்கும் பிறகு, தொண்டை கிழிய ஒரு பையனின் குரல்: 'புடிடா! டேய், புடிடா அவன!' அடுத்து வந்த அலறலுக்குச் சில்லறை இயர்போனைப் பிடுங்கிவிட்டான்.

விற்பனையாளரின் குரல் மட்டும் விடாமல் ஒலித்தது. 'இங்க ஏதோ சண்டை போல இருக்கு. சரி, நான் சொல்ல வந்தது என்னன்னா...'

"இதுக்கு அவங்க என்ன பதில் போட்டாங்க?" என்று சில்லறை கேட்டான்.

"கட்டை விரல்."

"ஒருத்தன் செத்துக்கிட்டிருக்கிற சத்தம் இதுல இருக்குன்னு உங்களுக்குத் தெரியாதா?"

அவர் டையைத் தளர்த்தினார். "தெரியும். சாட்சி, கோர்ட்டுன்னு அலைய முடியுங்களா? எனக்கு மாச டார்கெட் இருக்கு."

பதிவைத் தன் கைப்பேசிக்கு அனுப்பிக்கொள்ளும்போது சில்லறைக்கு அந்த ஆளை அறைய வேண்டும் போல இருந்தது. ஆனால் அறைந்தால் நிலையத்தில் பாதிப் பேரை அறைய வேண்டும்.

வெளியே வந்ததும் ஸ்டெனோ அம்மா கேட்டார். "புடிடான்னு யார்கிட்ட சொன்னான்?"

"கூட்டாளிங்ககிட்ட."

"அவனுங்க எல்லாம் பின்னால வர்றான். பின்னால இருக்கிறவனுக்குச் சொல்றவன் திரும்பித்தானே சொல்லுவான்? படத்துல இவன் திரும்பவே இல்ல. அதுவும் வண்டி கிளம்பினப்புறம் சொல்றான். அப்ப யாருக்குச் சொன்னான்?"

சில்லறை யோசித்தான். அவனுக்கு முன்னால் இருந்தது படிக்கட்டு. படிக்கட்டில், விழுந்துகொண்டிருந்தவனுக்குக் கை எட்டும் தூரத்தில் ஒருவன்தான் நின்றிருந்தான்.

"கண்டக்டர் பையனுக்கா? எதிரிக்கூட்டத்துக்காரன்கிட்ட, உன் சிநேகிதனைப் புடிடான்னு கெஞ்சியிருக்கானா? அப்படின்னா சட்டையில கை வெச்சது..."

"தானாவது பிடிக்கலாம்னு வெச்ச கை. அதைத்தான் கொலைன்னு எழுதியிருக்காங்க. வா, விசிலுக்குச் சொந்தக்காரனைப் பார்ப்போம்."

*

நிலையத்துக்குப் பின்னால் டிப்போவின் ஓய்வறை. இலாகா விசாரணைக்கு எப்போது கூப்பிடுவார்களோ என்று டிரைவரும் கண்டக்டரும் ஒரே பெஞ்சின் இரண்டு கோடியில் உட்கார்ந்திருந்தார்கள். வருடக்கணக்கில் ஒரே வண்டியில் ஓடியவர்கள், ஒரு வாரமாக முகம் கொடுத்துப் பேசுவதில்லை. ஆளுக்கொரு சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"அவன் ஊதாமலா நான் எடுத்தேன்?" என்று டிரைவர் சுவரிடம் சொன்னார்.

"நான் ஊதலைன்னு பெத்த பிள்ளை மேல சத்தியம் பண்ணியாச்சு" என்று கண்டக்டர் தன் சுவரிடம் சொன்னார்.

சில்லறை பதிவை ஓடவிட்டான். குட்டை விசில். வால் வைத்த விசில்.

டிரைவர் துள்ளி எழுந்தார். "கேளுங்க! நல்லா கேளுங்க! ஊர்ல ஆயிரம் கண்டக்டர் இருக்கலாம். ரெண்டாவது விசிலுக்கு வால் வெக்கிறவன் இவன் ஒருத்தன்தான். தூக்கத்துல கேட்டாலும் என் கால் தானா கிளட்சை மிதிக்கும். இப்ப சொல்லுடா, யார் ஊதினது?"

கண்டக்டர் இன்னொரு தடவை போடச் சொல்லிக் கையால் காட்டினார். கேட்டார். முகத்தில் இருந்த கோபமெல்லாம் வடிந்து, அங்கே வேறு ஏதோ வந்து உட்கார்ந்தது.

"ஆமா. நான்தான் ஊதினேன்" என்றார்.

"அப்பாடா!" சில்லறை கைதட்டாத குறை. "இதை முதல்லயே சொல்லியிருந்தா எங்களுக்குச் செருப்பாவது மிஞ்சியிருக்கும்."

"எழுதிக்கோங்க. கவனக்குறைவு. நான்தான் ஊதினேன். அந்தப் பாலிடெக்னிக் பையனை விட்டுடச் சொல்லுங்க."

ஸ்டெனோ அம்மா எழுதவில்லை. அவர் பக்கத்தில் போய் பெஞ்சில் உட்கார்ந்தார். "ஒரு வாரமா இல்லைன்னு சத்தியம் பண்ணினீங்க. பதிவைக் கேட்டப்புறம் ஆமாங்கறீங்க. உண்மை சொல்றவங்க இந்த வரிசையில சொல்றதில்ல. டைம் கீப்பர் அறையில நீங்க நின்னதும் நிஜம். இந்த வால் உங்க வீட்டுல வேற யாருக்கு வரும்?"

"யாருக்கும் வராது."

"ஏன் வராது?" டிரைவர் இன்னும் ஜெயித்த வேகத்திலேயே இருந்தார். "இவன் பையனுக்கு வருமே! சின்னதுல டிப்போவுக்குக் கூட்டிட்டு வருவான். என் மடியில உக்காந்து ஸ்டீயரிங்கைப் பிடிச்சுக்கிட்டு, அப்பன் மாதிரியே வால் வெச்சு ஊதுவான். நானே சிரிச்சுக்கிட்டு..."

அவர் வாய் அப்படியே நின்றது. சொன்னது என்ன என்று சொல்லி முடித்த பிறகுதான் அவருக்குப் புரிந்தது. மெதுவாக உட்கார்ந்தார். இந்தத் தடவை பெஞ்சின் கோடியில் இல்லை, கண்டக்டர் பக்கத்தில்.

சில்லறை கைப்பேசியில் அந்தப் புகழ்பெற்ற படத்தைத் தேடி எடுத்தான். பெரிதாக்கினான். வாயைப் பொத்தியிருந்த கையின் விரல் இடுக்கில், நகத்தளவுக்கு ஏதோ பச்சையாகத் தெரிந்தது. ஊரே பார்த்து உருகிய படம். வாயைப் பொத்திய கை இல்லை அது. விசில் பிடித்த கை.

"மேசையில வெச்சிருந்த பழைய விசிலைக் காணோம்" என்றார் கண்டக்டர். "பஸ்ல பாட்டுப் பாட எடுத்துட்டுப் போயிருப்பான்னு விட்டுட்டேன். ஒரு வாரமா சாப்பிடல, தூங்கல. சிநேகிதன் போன துக்கம்னு நினைச்சேன். காப்பாத்தத்தான்மா ஊதியிருப்பான். கட்டையோட ஓடி வர்றாங்க, வண்டி கிளம்பிட்டா தப்பிச்சுடலாம்னு... ஒட்டகத்துக்கு ஒரு கால் தரையில இருந்ததை அவன் பார்த்திருக்க மாட்டான்."

"இருக்கலாம். அதுக்காக ஒரு பையன் உள்ள இருக்கான். இழுத்துத் தள்ளினதுக்காக இல்ல, பிடிக்கப் போனதுக்காக."

"வெளிய சொன்னா என் பையனோட கூட்டமே அவனை வெட்டிப் போட்டுடும்மா!"

"சொல்லாட்டி?"

பதில் வெளியிலிருந்து வந்தது. ஒலிபெருக்கியில் அறிவிப்பாளரின் குரல் பிசிறில்லாமல் சொன்னது: "பாலிடெக்னிக் வழியாகச் செல்லும் பேருந்து இன்னும் சிறிது நேரத்தில் புறப்படும்." அதைத் தொடர்ந்து கோஷம் எழுந்தது. ஒட்டகத்தின் பெயரைச் சொல்லி, ரத்தத்துக்கு ரத்தம் என்று கத்தினார்கள்.

"கலைக் கல்லூரிப் பசங்க" என்று டிரைவர் எழுந்தார். "டேய், உன் மகனும் அதுலதான்டா இருப்பான்."

*

அவர்கள் ஓடி வந்தபோது கூட்டம் ஏறி முடித்திருந்தது. வாசலில் தலைமுடி வெட்டுப்பட்ட அப்பாவிகளின் மயிர் சிதறிக் கிடந்தது. பெரிய மலர் வளையத்தைத் தூக்கிவந்த இந்தக் கூட்டத்தை மட்டும் யாரும் சோதிக்கவில்லை. துக்கத்தைச் சோதிப்பது நாகரிகம் இல்லையாம். வளையம் கனமாக இருந்ததை, வண்டிக்குள் அதைத் தாங்கி நின்றவர்களின் தோள் சாய்ந்திருந்ததிலிருந்தே சில்லறை கண்டுகொண்டான். பூவுக்கு அவ்வளவு கனம் கிடையாது.

பின்படிக்கட்டில், ஒட்டகம் நின்ற அதே படியில், கண்டக்டரின் மகன் தொங்கிக்கொண்டிருந்தான். கத்துகிற கூட்டத்தில் அவன் மட்டும் கத்தவில்லை. வண்டி நகர்ந்தது.

கண்டக்டர் ஓடிப் பிடிக்கும் வயதில் இல்லை. சட்டைப் பையிலிருந்து விசிலை எடுத்து ஊதினார்.

நீளமாக ஒன்று. ஒன்றே ஒன்று.

அந்த வண்டியின் டிரைவர் யாரோ. கால் அவர் பேச்சைக் கேட்கவில்லை, விசிலின் பேச்சைக் கேட்டது. பஸ் குலுங்கி நின்றது. படியிலிருந்த பையன் திரும்பிப் பார்த்தான். அப்பாவைப் பார்த்தான். அப்பா உள்ளங்கையை விரித்து நீட்டினார்.

பையன் இறங்கி வந்தான். கால்சட்டைப் பையிலிருந்து பச்சை விசிலை எடுத்து அந்தக் கையில் வைத்தான். ஒரு வாரமாக அதை வீசி எறியக்கூட அவனுக்குத் தைரியம் வரவில்லை போலிருக்கிறது.

"நான்தான்பா ஊதினேன். தப்பிச்சுடலாம்னு ஊதினேன். ஒட்டகம் கையை நீட்டினான்பா. அந்தப் பாலிடெக்னிக்காரன்கூடப் புடிடா புடிடான்னு கத்தினான். என் கையில விசில் இருந்துச்சுப்பா. அதைக் கீழ போடணும்னு எனக்குத் தோணல."

பஸ்ஸுக்குள் கோஷம் நின்றது. "என்னடா உளர்ற?" என்று ஒருவன் குதித்து இறங்கினான். இன்னொருவன் மலர் வளையத்துக்குள் கையை விட்டான். ஸ்டெனோ அம்மா பையனுக்கு முன்னால் போய் நின்றார். அவர் உயரம் அவன் நெஞ்சு வரைதான். கூடவே ஓடி வந்த டிரைவர் அவர் பக்கத்தில் வந்து நின்றார். வாசலில் கத்தரிக்கோலோடு நின்ற சப்-இன்ஸ்பெக்டருக்கு அப்போதுதான் ஓடி வரத் தோன்றியது.

சில்லறை மாடியை அண்ணாந்து பார்த்தான். அறிவிப்பாளர் கண்ணாடியில் இரண்டு கைகளையும் ஊன்றி நின்றிருந்தாள். ஒலிபெருக்கியில் அடுத்த வண்டி எது என்ற அறிவிப்பு பாதியில் நின்றிருந்தது. அவள் தம்பி வெளியே வருவான். அதற்கு இந்தப் பையன் உள்ளே போவான், அல்லது வெளியே இருந்து இன்னும் மோசமாகப் போவான். சந்தோஷப்பட வேண்டிய நேரம் என்று சில்லறைக்குத் தெரிந்தது. நெஞ்சு ஒப்பவில்லை.

அவனைச் சுற்றிலும் கைகள் உயர்ந்திருந்தன. ஒவ்வொரு கையிலும் ஒரு கைப்பேசி. அவன் கையிலும் ஒன்று இருந்தது. பையன் சொன்ன அத்தனையையும் சத்தத்தோடு பிடித்திருந்தான், நாளைக்கு நீதிமன்றத்தில் வேண்டும் என்பதற்காக.

பக்கத்திலிருந்த காலேஜ் பையன் அவன் தோளைத் தட்டினான். "அண்ணே, உங்களுக்கு நல்ல ஆங்கிள். எனக்கு அனுப்புங்கண்ணே."

சில்லறை திரும்பிப் பார்த்தான்.

"சவுண்டு வேணாம்ணே" என்றான் பையன். "நாங்க பாட்டு போட்டுக்கறோம்."

எதற்கும் ஒரு பதில் வைத்திருக்கும் சில்லறை, கைப்பேசியை அணைத்துச் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டான்.